'நந்தனார்' திரைப்படங்கள்: திரையிலிருந்து அகற்றப்பட்ட தோல்

தமிழ்ப் பேசும்படங்களின் தொடக்க காலத்தில், தீண்டத்தகாதோர் என ஒதுக்கப்பட்ட சமூகத்தைச் சேர்ந்த ஒருவரைக் கதைத் தலைவராகக் கொண்டு வெளிவந்தவற்றுள் மிகவும் அறியப்பட்டது 'நந்தனார்'. இக்கதை 1935ஆம் ஆண்டு கே. பி. சுந்தராம்பாள் நடிப்பிலும், 1942ஆம் ஆண்டு எம். எம். தண்டபாணி தேசிகர் நடிப்பிலும் படமானது. இரண்டும் இசைக்காகவும் பக்திக்காகவும் இன்றும் நினைவுகூரப்படுகின்றன. ஆனால் நந்தன் என்ன வேலை செய்தவர் என்ற கேள்வியை அப்படங்களைப் பற்றிய பேச்சில் நாம் அரிதாகவே கேட்கிறோம்.

வேலூர், இராணிப்பேட்டை, ஆம்பூர், வாணியம்பாடி, பேரணாம்பட்டு என்று பாலாற்றையும் அதன் துணை ஆறுகளையும் ஒட்டி அமைந்த தோல் தொழில் வட்டாரத்தில் வாழ்வோருக்கு இக்கேள்வி முக்கியமானது. நந்தனைப் பற்றிய பழைய நூலில் அவர் தோலோடு தொடர்புடையவர். திரையில் அந்தத் தொடர்பு இல்லை. அது எவ்வாறு அகற்றப்பட்டது, அதனிடத்தில் என்ன வைக்கப்பட்டது, அக்கதை வழங்கும் நீதிக்கும் அரசமைப்புச் சட்டம் வழங்கும் நீதிக்கும் உள்ள வேறுபாடு என்ன என்பவற்றை இக்கட்டுரை ஆராய்கிறது.

சேக்கிழாரின் நந்தன்

சுந்தரர் பாடிய திருத்தொண்டத்தொகையில் 'திருநாளைப்போவார்' என்ற பெயர் மட்டுமே உண்டு. நம்பியாண்டார் நம்பியின் அந்தாதி அவருடைய ஊரையும் குலத்தையும் சேர்த்தது. 12ஆம் நூற்றாண்டில் சேக்கிழார் இயற்றிய பெரியபுராணம்தான் முழுக் கதையையும் தருகிறது.

அதன்படி நந்தனார் கொள்ளிடக் கரையை அடுத்த ஆதனூரின் புலைப்பாடியில் பிறந்தவர். அச்சேரியைச் சேக்கிழார் விரிவாகவே வருணிக்கிறார். அங்கே தோலும் வாரும் கண்ணில் படுகின்றன. ஊரார் விட்டிருந்த 'பறைத்துடவை' எனும் மானிய நிலமே நந்தனாரின் வாழ்வாதாரம். அவர் கோயில்களுக்குச் செய்த தொண்டும் தொழில் சார்ந்தது: முரசு முதலிய கருவிகளுக்குப் போர்வைத் தோலும் இழுத்துக் கட்டும் வாரும், யாழுக்கும் வீணைக்கும் நரம்பும், பூசைக்குக் கோரோசனையும் கொடுத்தார். கோரோசனை என்பது மாட்டின் பித்தப்பையிலிருந்து கிடைப்பது.

இந்தப் பட்டியலை ஒரு தோல் தொழிலாளி படித்தால் உடனே ஒன்று புரியும். இறந்த மாட்டை அறுத்து, தோலை உரித்து, நரம்பைப் பிரித்து, பித்தப்பையைத் தனியே எடுக்கத் தெரிந்த ஒருவரது கைத்திறன் இல்லாமல் கோயிலின் இசையும் இல்லை, பூசையும் முழுமை பெறாது. அவர் கொடுத்த பொருள் கருவறைவரை சென்றது. கொடுத்தவர் வாயிலுக்கு வெளியே நின்றார். தீண்டாமையின் பொருளாதாரத்தை இதைவிடத் தெளிவாகக் காட்டும் சான்று பழந்தமிழ் இலக்கியத்தில் அரிது.

அதே நூல்தான் நந்தனாரைத் தீயில் இறக்கவும் செய்கிறது. தில்லைக்கு வந்தவர் எல்லையைச் சுற்றி வருகிறார். உள்ளே நுழையத் தயங்குகிறார். கனவில் வந்த ஆணையின்படி தில்லைவாழ் அந்தணர்கள் தென்திசை வாயிலுக்கு முன்னே தீ வளர்க்க, அதில் மூழ்கிப் பூணூல் அணிந்த முனிவராக வெளிவந்த பிறகே அவர் கோயிலுக்குள் செல்கிறார்; சென்றவர் கண்ணில் படாமல் மறைந்து போகிறார். கோயிலுக்குள் சென்றது புலைப்பாடியின் நந்தன் அல்லர் என்பதைக் கதையே உறுதிசெய்துவிடுகிறது.

கீர்த்தனை கொண்டுவந்த மாற்றம்

1860களின் தொடக்கத்தில் அச்சேறிய கோபாலகிருஷ்ண பாரதியாரின் 'நந்தனார் சரித்திரக் கீர்த்தனை' இக்கதையைத் திருத்தி எழுதியது. பெரியபுராணத்தில் இல்லாத வேதியர் என்னும் நிலவுடைமைப் பாத்திரம் அதில் நுழைந்தது. நந்தன் அவரிடம் கட்டுண்ட பண்ணையாளானார். சிதம்பரம் செல்ல விடை கேட்கும் நந்தனிடம், நாற்பது வேலி நிலத்தின் வேலையை முடித்துவிட்டுப் போ என்கிறார் வேதியர். ஒரு வேலி ஏறத்தாழ 6.67 ஏக்கர் எனக் கொண்டால் இது ஏறத்தாழ 267 ஏக்கர். இறைவன் அருளால் ஒரே இரவில் பயிர் விளைந்து நிற்கிறது. வேதியர் நந்தனின் காலில் விழுகிறார்.

இம்மாற்றத்துக்கு ஒரு நன்மை உண்டு. தஞ்சைப் பகுதியின் பண்ணை அடிமைமுறை முதன்முறையாகப் பாட்டும் கதையுமாக ஆயிரக்கணக்கானோர் முன் ஒலித்தது. வேதியர் காலில் விழும் காட்சி அந்நாளில் பலரைச் சினங்கொள்ள வைக்கக்கூடியதே. ஆனால் அதற்கு ஈடாகத் தோல் பின்னுக்குப் போயிற்று. கோயிலுக்கு இன்றியமையாத பொருளைத் தருகிறவர் என்ற நிலையிலிருந்து, விடை கேட்டுக் காத்திருக்கும் பண்ணையாள் என்ற நிலைக்கு நந்தன் மாறினார். கதாகாலட்சேபமும் நாடகமும் இந்த நந்தனையே ஊர் ஊராகக் கொண்டு சென்றன. திரைப்படமும் இவரையே எடுத்துக்கொண்டது.

1935: ஒரு இலட்ச ரூபாய் நந்தன்

தென்னிந்தியாவில் முதல் கதைப்படத்தை உருவாக்கியவர் வேலூரில் பிறந்த ஆர். நடராஜ முதலியார். மிதிவண்டி, மோட்டார் உதிரிப்பாக வணிகத்திலிருந்து வந்த அவர், சென்னைக் கீழ்ப்பாக்கம், புரசைவாக்கம் பகுதியில் படப்பிடிப்பு நிலையம் அமைத்து 'கீசக வதம்' என்ற மௌனப் படத்தை முதல் உலகப் போர்க் காலத்தில் எடுத்தார். அது மகாபாரதக் கதை. அடுத்தடுத்து அவர் எடுத்த படங்களும் புராண, இதிகாசக் கதைகளே. முதலீட்டைத் திரும்பப் பெற மக்கள் ஏற்கனவே அறிந்த கதையை எடுப்பதே பாதுகாப்பு என்பது தொடக்கத்திலிருந்தே சினிமா வணிகத்தின் கணக்காக இருந்தது. பேசும்படம் வந்தபின் அக்கணக்கோடு பாட்டும் சேர்ந்தது. கதையும் பாட்டும் ஒருசேரத் தயாராக இருந்த நந்தன் சரித்திரம் அதற்கு மிகவும் பொருத்தமாக அமைந்தது.

1935ஆம் ஆண்டுப் படத்தைச் செல்லாராம் குடும்பத்தைச் சேர்ந்த அசன்தாஸ் தயாரித்தார். இயக்கியவர் மாணிக் லால் டாண்டன். டாண்டனின் அமெரிக்க நண்பரும், பின்னர் 'சதி லீலாவதி' முதலிய படங்களை இயக்கியவருமான எல்லிஸ் ஆர். டங்கன் தமிழ்ப் படவுலகை முதலில் அறிந்துகொண்டது இப்படப்பிடிப்பின் வழியாகவே.

நாடக மேடையில் புகழின் உச்சியில் இருந்த சுந்தராம்பாள், 1933இல் கணவர் எஸ். ஜி. கிட்டப்பா மறைந்தபின் பொதுவாழ்விலிருந்து ஒதுங்கி, ஆண் நடிகர்களோடு இணைந்து நடிப்பதில்லை என்ற முடிவில் இருந்தார். தயாரிப்பாளரைத் தவிர்ப்பதற்காகவே அவர் ஒரு இலட்ச ரூபாய் ஊதியம் கேட்டார் என்றும், அவர்கள் அதற்கும் இணங்கிவிட்டார்கள் என்றும் சொல்லப்படுகிறது. அக்காலத்தில் இந்தியத் திரையுலகமே வியந்த தொகை அது. அவர் நந்தனாக ஆண் வேடம் ஏற்றார். வேதியராக நடித்தவர் கர்நாடக இசை மேதை மகாராஜபுரம் விஸ்வநாத ஐயர்.

ஒரு பெண், கணவனை இழந்தவர் என்பதற்காகச் சமூகம் ஒதுக்க முனைந்த ஒருவர், ஒடுக்கப்பட்ட அடியாரின் வேடத்தில் நின்று பெற்ற ஊதியம் பெண் கலைஞர்களின் வரலாற்றில் பெருமைக்குரியதே. அதே வேளையில், இந்த வணிகத்தில் நந்தனின் மக்களுக்கு இருந்த இடத்தையும் பார்க்க வேண்டும். முதலீடு, இயக்கம், இசை, நடிப்பு ஆகிய எதிலும் முன்னணியில் அவர்கள் இல்லை. அவர்களுடைய துயரம் மட்டும் கதையாக இருந்தது.

1942: ஜெமினியின் நந்தன்

இயக்குநர் கே. சுப்ரமணியம் தொடர்புடைய படப்பிடிப்பு நிலையம் தீ விபத்துக்குள்ளாகி 1941இல் ஏலத்துக்கு வந்தபோது 'ஆனந்த விகடன்' அதிபர் எஸ். எஸ். வாசன் அதை வாங்கினார். அதுவே ஜெமினி ஸ்டூடியோஸ் ஆயிற்று. அந்நிறுவனத்தின் தொடக்கப் படங்களுள் ஒன்று 'நந்தனார்'. முருகதாசா என்ற பெயரில் இயங்கிய முத்துசாமி ஐயர் இயக்கினார். திருச்செங்காட்டாங்குடியில் பிறந்து தேவார இசையில் தேர்ந்த தண்டபாணி தேசிகர் நந்தனாகவும், செருகளத்தூர் சாமா வேதியராகவும் நடித்தனர். பாபநாசம் சிவனும் கொத்தமங்கலம் சுப்புவும் பாடல்களுக்குப் பங்களித்தனர்.

கீர்த்தனையின் கதை அப்படியே இங்கும் தொடர்கிறது: பண்ணை வேலை, விடை கேட்டல், நாற்பது வேலி, அற்புதம், வேதியரின் மனமாற்றம், தில்லைத் தீ. தேசிகரின் குரல் அந்த ஏக்கத்தை நெஞ்சில் இறக்கிவிடுகிறது. படத்தின் வலிமை அதுவே. வேதியரைக் கொடியவராகக் காட்டவும் படம் தயங்கவில்லை. எனினும் கதையின் தீர்வு இரண்டு இடங்களில்தான் இருக்கிறது: ஒன்று ஆண்டையின் மனமாற்றம், மற்றொன்று ஒடுக்கப்பட்டவரின் தூய்மை. சேரி மக்கள் கூடிக் கேட்பது என்பது தீர்வாக வருவதில்லை. நந்தனைச் சுற்றியுள்ள சேரியின் வழிபாடும் உணவும், திருந்த வேண்டியவையாகவே கதையில் இடம்பெறுகின்றன.

தோல் இங்கே எங்கே இருக்கிறது? திரையில் ஒலிக்கும் மிருதங்கத்தில் இருக்கிறது. மாடு, எருமை, ஆடு ஆகியவற்றின் தோல்கள் இல்லாமல் மிருதங்கம் இல்லை. அவற்றைப் பதப்படுத்திக் கட்டுவோரில் தலித் கிறித்தவக் குடும்பங்கள் பல உண்டு. டி. எம். கிருஷ்ணா அவர்களைப் பற்றி எழுதிய 'செபாஸ்டியன் அண்டு சன்ஸ்' நூலின் வெளியீட்டுக்கு 2020ஆம் ஆண்டு கலாக்ஷேத்ரா முதலில் அளித்த அரங்க அனுமதியைத் திரும்பப் பெற்றது. படச்சுருளிலும் தோல் இருக்கிறது. அதன் ஒளியுணர் பூச்சில் வெள்ளி உப்புகளைப் பிடித்து நிறுத்தும் ஜெலட்டின், மாட்டின் தோலிலிருந்தும் எலும்பிலிருந்தும் எடுக்கப்படுவது. ஆக, கதையிலிருந்து நீக்கப்பட்ட பொருள் அக்கதையைப் பதிவுசெய்த கருவியிலும் இசைத்த கருவியிலும் இருந்தது. பொருளை ஏற்றுக்கொண்டு அதைச் செய்தவரை மறைக்கும் பழைய ஏற்பாடு திரையிலும் தொடர்ந்தது.

படங்கள் வந்தபோது வெளியே நடந்தவை

இப்படங்கள் அமைதியான காலத்தில் வந்தவை அல்ல. 1924ஆம் ஆண்டிலேயே இரட்டைமலை சீனிவாசன் சென்னைச் சட்டமன்றத்தில் பொதுச் சாலைகளும் கிணறுகளும் அனைவருக்கும் உரியவை என்னும் தீர்மானத்தைக் கொண்டுவந்து நிறைவேற்றினார். எம். சி. ராஜாவின் முயற்சியால் 1938இல் சென்னை மாகாணக் குடிமைத் தகுதியின்மைகள் நீக்கச் சட்டம் வந்தது. அதே ஆண்டு அவர் மாகாணம் முழுமைக்குமாகக் கொண்டுவந்த ஆலய நுழைவு மசோதாவை இராஜாஜி அரசு ஆதரிக்கவில்லை. மலபாருக்கு மட்டும் தனிச் சட்டம் இயற்றியது. 8 ஜூலை 1939 அன்று மதுரை மீனாட்சியம்மன் கோயில் நுழைவு நடந்தது. மாகாணம் முழுவதற்குமான ஆலய நுழைவு அனுமதிச் சட்டம் 1947இல்தான் வந்தது.

ஜெமினியின் படம் மதுரை நிகழ்வுக்கு மூன்றாண்டு பின்னும், 1947 சட்டத்துக்கு ஐந்தாண்டு முன்னும் வெளியானது. நுழைவு உரிமையா, அருளா என்ற கேள்வி மக்கள் மன்றத்தில் சூடாக இருந்தபோது, படம் அருள் என்ற விடையைச் சொன்னது. காந்தியும் 1927 தமிழகச் சுற்றுப்பயணத்தில் நந்தனைத் தன்வருத்தத்தால் தடைகளை வென்றவராகப் போற்றியிருந்தார். அந்த நந்தனே படத்தின் நந்தன்.

வேறு நந்தன்கள்

தலித் மக்கள் நந்தனை வேறு விதமாகவும் நினைத்தார்கள். அயோத்திதாசப் பண்டிதர் தம் 'இந்திரர் தேச சரித்திர'த்தில் நந்தனைச் சூழ்ச்சியால் வீழ்த்தப்பட்ட பௌத்த மன்னனாக எழுதினார். அண்ணல் அம்பேத்கர் 1948இல் வெளியிட்ட 'தீண்டத்தகாதோர்' நூலை நந்தனார், ரவிதாஸ், சொக்கமேளா ஆகிய மூவரின் நினைவுக்குக் காணிக்கையாக்கினார். இவர்களுள் ரவிதாஸ் தோல் தொழிலாளர் என்பதை அவர் பெயரைச் சொல்லும் எவரும் மறைப்பதில்லை. நந்தனாரின் தோல் மட்டும் தமிழ் நினைவில் மங்கிப்போனதற்குக் கீர்த்தனையும் திரையும் பெருங்காரணங்கள்.

நம் வட்டாரத்துக்கு மிக அண்மையில் நிற்பவர் சுவாமி சகஜானந்தர். பழைய வட ஆர்க்காடு மாவட்டத்தில் ஆரணியை அடுத்த மேல்புதுப்பாக்கத்தில் 1890இல் பிறந்த அவர், சிதம்பரம் சென்று 1916இல் நந்தனார் பெயரில் கல்விக் கழகத்தை நிறுவினார். சட்டமன்றத்திலும் நீண்ட காலம் உறுப்பினராக இருந்தார். நந்தன் தீயில் இறங்கியதாகச் சொல்லப்படும் ஊரிலேயே அவர் பள்ளிக்கூடத்தைக் கட்டினார்.

திரையிலும் ஒரு மறுமொழி வந்தது. 1949இல் வெளியான 'நல்லதம்பி' படத்தில் என். எஸ். கிருஷ்ணன் நிகழ்த்திய 'கிந்தனார்' காலட்சேபம் நந்தன் கதையின் அமைப்பையே எடுத்துக்கொண்டு அதைத் திருப்பிப்போட்டது. கிந்தன் போக விரும்புவது சிதம்பரத்துக்கு அன்று, பட்டணத்துக்கு. தேடுவது தரிசனத்தை அன்று, படிப்பை. படித்து உயர்ந்து திரும்புகிறான்; அவனுக்குத் தீ தேவைப்படவில்லை. நகைச்சுவை என்று ஒதுக்கப்படும் அப்பகுதியை 'நந்தனார்' படத்தோடு சேர்த்தே நாம் பார்க்க வேண்டும்.

மெய்ப்பிக்க வேண்டியவர் யார்?

ஒரு வழக்கறிஞரின் கண்ணோடு 'நந்தனார்' படத்தைப் பார்த்தால் அதன் மையச் சிக்கல் ஒன்றே: மெய்ப்பிக்கும் பொறுப்பு முழுவதும் நந்தன்மீது சுமத்தப்பட்டிருக்கிறது. நாற்பது வேலியால் தன் உழைப்பை மெய்ப்பிக்க வேண்டும். தீயால் தன் தூய்மையை மெய்ப்பிக்க வேண்டும். தடுத்தவர்கள் தாங்கள் ஏன் தடுத்தார்கள் என்பதற்கு எந்த மன்றத்திலும் விடை சொல்லவில்லை. ஆண்டை மனம் மாறினார். ஆனால் எதற்கும் பொறுப்பேற்கவில்லை.

அரசமைப்புச் சட்டத்தின் 17ஆம் உறுப்பு இந்த வரிசையைத் தலைகீழாக்கியது. தீண்டாமை ஒழிக்கப்பட்டது, அதை எவ்வடிவிலும் கடைப்பிடிப்பது குற்றம். நுழைய விரும்புகிறவரின் ஒழுக்கம், உணவு, பக்தி எதுவும் அங்கே கேள்விக்குரியதன்று. 1955ஆம் ஆண்டின் தீண்டாமைக் குற்றங்கள் சட்டம், 1976இல் குடியுரிமைப் பாதுகாப்புச் சட்டம் எனப் பெயர் மாறியது. அதன் 12ஆம் பிரிவு மாணவர்கள் கட்டாயம் படிக்க வேண்டிய ஒன்று. பட்டியல் சாதியைச் சேர்ந்த ஒருவர் தொடர்பாக அச்சட்டத்தின்கீழ் குற்றமாகும் செயல் நிகழ்ந்திருந்தால், அது தீண்டாமையின் அடிப்படையிலேயே செய்யப்பட்டது என்று நீதிமன்றம் அனுமானிக்க வேண்டும். இல்லையென்று காட்டுவது எதிரியின் பொறுப்பு. செயல் நடந்ததை அரசுத் தரப்பு நிறுவ வேண்டும் என்பது மாறவில்லை. ஆனால் நோக்கத்தை விளக்க வேண்டியவர் இப்போது வேதியர்.

அதே சட்டத்தின் 7ஏ பிரிவு நந்தனின் மறைக்கப்பட்ட தொழிலை நேரடியாகத் தொடுகிறது. தீண்டாமையின் அடிப்படையில் ஒருவரைத் துப்புரவுப் பணி செய்யவோ, செத்த விலங்கை அகற்றவோ, விலங்கின் தோலை உரிக்கவோ கட்டாயப்படுத்துவது குற்றம். மூன்று முதல் ஆறு மாதம் வரை சிறையும், நூறு முதல் ஐந்நூறு ரூபாய் வரை அபராதமும் தண்டனை. சமூகப் புறக்கணிப்பு, பொருளாதாரப் புறக்கணிப்பு ஆகியவற்றைக் காட்டி மிரட்டுவதும் கட்டாயப்படுத்துவதாகவே கொள்ளப்படும். 2016இல் நடைமுறைக்கு வந்த வன்கொடுமைத் தடுப்புச் சட்டத் திருத்தம், பட்டியல் சாதி, பழங்குடி மக்களை மனித அல்லது விலங்குச் சடலங்களை அகற்றவோ சுமக்கவோ செய்வதையும் வன்கொடுமை என வகைப்படுத்தி, ஆறு மாதம் முதல் ஐந்தாண்டு வரை சிறைத் தண்டனை விதிக்கிறது.

தோல் வேலை இழிவானது என்று இச்சட்டங்கள் சொல்லவில்லை. விரும்பிச் செய்யும் தொழிலையும், சாதியின் பெயரால் தலையில் கட்டப்படும் வேலையையும் அவை பிரித்துப் பார்க்கின்றன. நந்தனின் தொழிலைத் திரையிலிருந்து நீக்கிவிட்டால் இந்தப் பிரிவினையைப் பற்றிப் பேசவே வாய்ப்பில்லாமல் போகிறது.

பாலாற்றுப் பகுதியில் இப்படத்தைப் பார்த்தல்

நம் வட்டாரத்தில் தோலை ஊறவைத்தல், சுண்ணாம்பு இடுதல், சதை நீக்குதல் போன்ற ஈரமான, ஆபத்தான வேலைகளில் தலித் தொழிலாளர்கள் தலைமுறைகளாக உழைக்கின்றனர். காலணி நிறுவனங்களில் பெண்கள் பெருமளவில் வேலை செய்கின்றனர். ஏற்றுமதியாகும் காலணியில் நிறுவனத்தின் பெயர் இருக்கும். தோலைப் பதப்படுத்திய கைகளின் பெயர் இராது.

வேலூர் குடிமக்கள் நல மன்றம் தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம் 28 ஆகஸ்டு 1996 அன்று வழங்கிய தீர்ப்பு, மாசுபடுத்துவோரே செலவை ஏற்க வேண்டும் என்ற கொள்கையை இந்தியச் சட்டத்தின் பகுதியாக்கியது. 30 ஜனவரி 2025 அன்று அதே நீதிமன்றம், பாலாற்றின் பாதிப்பு இன்னும் தீரவில்லை எனக் கண்டு, இழப்பீட்டுக்கும் ஆற்றின் மீட்புக்கும் மீண்டும் ஆணைகள் பிறப்பித்தது. இவ்விரண்டுக்கும் இடையில், 31 ஜனவரி 2015 அன்று இராணிப்பேட்டையில் தோல் கழிவுநீர் சுத்திகரிப்பு நிலையத்தின் கழிவுத் தொட்டி உடைந்து பத்துத் தொழிலாளர்கள் மாண்டனர். அவர்களில் பெரும்பாலோர் மேற்கு வங்கத்திலிருந்து வந்தவர்கள். வழக்குகளில் ஆறும் நிலமும் இடம்பெற்ற அளவுக்குத் தொழிலாளியின் உடல் இடம்பெறவில்லை.

கல்லூரிகளிலும் படிப்பு வட்டங்களிலும் 'நந்தனார்' திரையிடப்படும்போது அதைப் பக்திப் படமாக மட்டும் பார்க்க வேண்டியதில்லை. பழைய படம் என்று தள்ளவும் வேண்டியதில்லை. பெரியபுராணத்தின் தொடக்கப் பாடல்களை முதலில் படித்து, நந்தன் கோயிலுக்குக் கொடுத்த பொருள்களின் பட்டியலைப் பலகையில் எழுதுங்கள். பிறகு படத்தைப் பாருங்கள். படம் முடிந்ததும் குடியுரிமைப் பாதுகாப்புச் சட்டத்தின் 3, 7ஏ, 12 ஆகிய பிரிவுகளை உரக்கப் படியுங்கள். நாற்பது வேலியைக் காட்டி வேதியர் பயணத்தைத் தடுக்கும் காட்சியிலும், தென்வாயிலில் தீ மூட்டப்படும் காட்சியிலும் எந்தெந்தப் பிரிவு பொருந்தும், யார் யார் எதிரிகள், யார் சாட்சிகள் என்று ஒரு புகார் மனுவை எழுதிப் பாருங்கள். அம்மனுவில் நந்தனின் தொழில் என்ற இடத்தைக் காலியாக விடாதீர்கள்.